வூட்டுக்காரர் என்னும் மந்திரவாதி

1

குளிர்காலம் தொடங்கியிருந்த ஒரு சனிக்கிழமை காலை, ரொட்டியில் வெண்ணெய் தடவிக்கொண்டிருந்த என் மகள் இனியா, தலையை நிமிர்த்தாமல் கேட்டாள்.

“அம்மா, கோமதி சித்தியின் புருஷன் மந்திரவாதியா?”

ஜெர்மன் மொழியில் கேட்டாள். அவள் எதையும் அந்த மொழியில்தான் கேட்பாள். வயது பதிமூன்று. பிறந்தது இங்கேதான். தமிழ் காதில் விழுந்தால் பாதி புரியும், வாயில் வராது. அவள் பேசுவதை உங்களுக்காகத் தமிழில் எழுதுகிறேன். நிஜத்தில் அவள் என்னோடு இவ்வளவு தமிழ் பேசினால் நான் ஏன் இப்படிக் குறிப்பெழுதிக்கொண்டிருக்கப் போகிறேன்?

கோமதி என் தங்கை. தர்மபுரிப் பக்கம் இண்டூரில் இருக்கிறாள். அவள் கணவர் தக்காளி போடுகிறவர், பறித்ததைப் பாலக்கோடு மண்டிக்கு ஏற்றிக்கொண்டு போகிறவர். வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்பதுபோல் பேசாமலே காலம் தள்ளுகிறவர். மாந்திரீகம் செய்ய ஒரு மிரட்டலாவது வேண்டாமா? அவரைப் பார்த்து அவர் வளர்க்கும் ஆடுகூடப் பயப்படுவதில்லை.

“யார் சொன்னது?” என்றேன்.

“சித்திதான். எந்த வீடியோவைப் பார்த்தாலும் சொல்கிறாள். ‘என் வூடூக்காரன் சந்தைக்குப் போனான், என் வூடூக்காரன் தூங்குகிறான்’ என்று. அவர்கள் குடியிருப்பதே வூடூவுக்குள்தானாம்.”

வூடூ என்பது ஹெய்ட்டி நாட்டு மக்களின் வழிபாடு. பாவம், சினிமாக்காரர்கள் அதைப் பொம்மைக்கு ஊசி குத்தும் சங்கதியாக்கி உலகம் பூராவும் பரப்பிவிட்டார்கள். அதற்கும் இண்டூருக்கும் என்ன சம்பந்தம் என்று யோசித்துக்கொண்டே ஜன்னலைப் பார்த்தேன். வெளியே மூடுபனி. தெருவே தெரியவில்லை. டிராம் மட்டும் மஞ்சள் விளக்கோடு சத்தமில்லாமல் மிதந்து போனது. அந்த நேரத்தில் யார் எதைச் சொன்னாலும் நம்பலாம்போல் இருந்தது.

“சித்தி உன்னிடம் எப்போது பேசினாள்?”

“வாரக்கணக்காகப் பேசுகிறாள். நல்ல ஜெர்மன் பேசுகிறாள், அம்மா. உன்னைவிட நன்றாக.”

2

கோமதி ஜெர்மன் பேசிய கதையைச் சொல்வதற்கு முன்னால், அவள் ஏன் வீடியோவில் பேசுகிறாள் என்பதைச் சொல்ல வேண்டும்.

எங்கள் பக்கம் கொல்லையில், அதாவது வயலில், களை எடுக்கும்போது ஒரு வழக்கம் உண்டு. வரிசையாகக் குந்திக்கொண்டு பெண்கள் நகர்ந்துகொண்டே இருப்பார்கள். அந்த வாரம் தர்மபுரிக்குப் போய்ப் படம் பார்த்துவிட்டு வந்தவள் எவளோ, அவளை வரிசையின் நடுவில் உட்காரவைத்துவிடுவார்கள். இரண்டு பக்கமும் கேட்க வேண்டும் அல்லவா? அவள் படத்தைச் சொல்லிக்கொண்டே களை எடுப்பாள். பாட்டு வரும் இடத்தில் பாடுவாள். கதாநாயகி அழும் இடத்தில் மூக்கை உறிஞ்சுவாள். கொல்லை முடிவதற்குள் படம் முடிந்துவிட்டால் சும்மா விடமாட்டார்கள். அதனால் சொல்கிறவள் தானாகவே ஒரு தங்கச்சியையோ மாமியாரையோ கதைக்குள் சேர்த்து இழுத்துக்கொண்டு போவாள். எனக்குக் களை எடுப்பது அறவே பிடிக்காது. அந்த வேலையை நினைத்து இன்றுவரை ஏங்கியதில்லை. கேட்ட கதைகள் மட்டும் நினைவிருக்கின்றன. பிறகு அந்தப் படங்களை நிஜமாகப் பார்த்தபோது, பல படங்களில் அந்தத் தங்கச்சிகள் இல்லாதது பெரிய ஏமாற்றமாக இருந்தது.

இப்போது கொல்லையில் எல்லாப் பெண்கள் கையிலும் போன் இருக்கிறது. வெள்ளிக்கிழமை வெளியாகும் படம் சில வாரங்களில் போனுக்கு வந்துவிடுகிறது. சில படங்கள் தியேட்டர் பக்கமே போகாமல் நேராகப் போனிலேயே இறங்குகின்றன. தொடர்களை ஒரே மூச்சில் பார்த்து முடிக்கிறார்கள். ஒரு நிமிடப் படங்களை விரலால் தள்ளித் தள்ளிப் பார்க்கிறார்கள். இனிமேல் வரிசையின் நடுவில் உட்கார்ந்து கதை சொல்ல ஆள் எதற்கு என்று நானும் நினைத்தேன்.

நான் நினைத்தது தப்பு. கோமதியோடு வேலைக்கு வரும் மாதம்மா அக்கா ஒருமுறை போனில் என்னிடம் சொன்னார்: “படத்த நானுந்தாங்க பாத்தேன். அதுல என்னா இருக்குது? கோமதி வாயால கேட்டாத்தான் படம் பாத்த மாதிரி இருக்குது. இவ சொல்றதுல வில்லன்கூட நம்ம பங்காளி மாதிரி இருக்கறானுங்க.”

அந்த மாதம்மா அக்காதான் ஒருநாள் போனைத் தக்காளிச் செடிக்கு ஊன்றிய குச்சியில் கட்டிவைத்து, கோமதி கதை சொல்வதைப் பதிவு செய்தார். கோமதி தக்காளியைத் தரம் பிரித்துக்கொண்டே, அந்த வாரத்துப் படத்தைத் தன் இஷ்டத்துக்கு மாற்றிச் சொன்னாள். பின்னால் வத்தல்மலை மேகத்தைப் போர்த்திக்கொண்டு படுத்திருந்தது. அதை இணையத்தில் போட்டதும் யார் யாரோ பார்த்தார்கள். பிறகு அதுவே ஒரு சேனல் ஆகிவிட்டது.

3

நான் அந்த சேனலைப் பார்க்காமல் இல்லை. வேலைக்குப் போகும் வழியில், டிராமில், காதில் மாட்டிக்கொண்டு தமிழில் பார்ப்பேன். ஆஸ்பத்திரி ஆய்வுக்கூடத்தில் ரத்தக் குழாய்களை அடுக்குவதற்கு முன் கோமதியின் குரல் ஒரு காபிபோல எனக்கு. ஆனால் அதே வீடியோ என் மகளுக்கு வேறாகத் தெரிகிறது என்பது அந்தச் சனிக்கிழமைதான் தெரிந்தது. அவளுடைய போன் ஜெர்மன் போன். அதில் கோமதி வந்ததும், இயந்திரமே அவள் பேச்சைக் கேட்டு, மொழிபெயர்த்து, அவள் குரலைப் போலவே ஒரு குரலில் ஜெர்மன் பேசுகிறது.

இருவரும் சேர்ந்து ஒரு வீடியோ பார்த்தோம். ஒரு சாதாரணக் குடும்பப் படத்தின் கதை. அண்ணன் தம்பிக்குள் சண்டை, பூர்வீக வீட்டை விற்கிறார்கள், கடைசியில் அழுதுகொண்டே சேர்கிறார்கள். கோமதி வழக்கம்போல், “வா கண்ணு, குந்து, கத கேளு” என்று ஆரம்பித்தாள்.

ஜெர்மன் கோமதி சொன்னாள்: “வா, விழியே. உட்கார். கதை கேள்.”

அதன்பிறகு அந்தக் கதை போன போக்கு இருக்கிறதே! அண்ணன் வூடூவை விற்றுவிட்டான். தம்பி, “அது நம் தாத்தாவின் வூடூ” என்று கதறினான். மழையில் வூடூ ஒழுகியது. வூடூவுக்கு வெள்ளையடித்தார்கள். நடுவில் கோமதி, “எங்க வூட்டுக்காரரும் இப்பிடித்தான்” என்று சலித்துக்கொண்ட இடத்தில், “என் மந்திரவாதியும் இப்படித்தான்” என்றது அந்தக் குரல், அமைதியாக.

எனக்குக் கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரிப்பு. இனியா சிரிக்கவில்லை. அவள் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒவ்வொரு வூடூவுக்கும் அவள் உதடும் லேசாகக் குவிந்தது. நான் கவனித்தேன். ஆனால் ஏன் என்று கேட்கவில்லை.

வூடு என்றால் வீடு, வூட்டுக்காரர் என்றால் கணவர், எங்கள் ஊரில் புருஷன் பேரைச் சொல்லாமல் இப்படித்தான் சொல்வோம் என்று விளக்கினேன். அவள் முகம் கொஞ்சம் வாடிவிட்டது. ஒரு மந்திரவாதி சித்தப்பாவை இழந்து தக்காளி விவசாயி சித்தப்பாவைப் பெறுவது எந்தக் குழந்தைக்கும் நஷ்டம்தானே?

என் மனசில் ஓடியதை நேராகவே சொல்லிவிடுகிறேன். ஊருக்கும் இனியாவுக்கும் நடுவில் மிச்சமிருப்பது கோமதி ஒருத்திதான். மற்ற உறவெல்லாம் அவளுக்குக் கல்யாணப் படங்களில் நிற்கும் முகங்கள். “ஊருக்குப் போகலாமா” என்று கேட்டால் தோளைக் குலுக்குவாள். அப்படிப்பட்டவள் தானாகவே தேடிப் போய்க் கோமதியைக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். அது ஜெர்மனில் இருந்தாலென்ன, வூடூவாக இருந்தாலென்ன, அது அறுந்துவிடக் கூடாது என்று நினைத்தேன்.

4

மத்தியானம் கோமதியைக் கூப்பிட்டு இதைச் சொன்னேன். அவள் சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன்.

“தெரியும்க்கா” என்றாள். “வெளிநாட்டுக்காரங்கல்லாம் கீழ என்னென்னமோ எழுதறாங்க. பேய் ஓட்டற வீடியோ எப்ப போடுவீங்கன்னு ஒருத்தன் கேக்கறான். பெங்களூர்ல இருந்து ஒரு கம்பெனிக்காரங்க பேசுனாங்க. இந்த மாதிரி சேனலயெல்லாம் எடுத்து நடத்தறவங்க. நீங்க சுத்தமான தமிழ்ல பேசுனா எல்லா பாஷைலயும் சரியா வரும், இல்லன்னா எங்களால எடுத்துக்க முடியாதுங்கறாங்க.”

“நீ என்ன சொன்னே?”

“பேசறேன்னு சொல்லிட்டேன். நம்ம கத நாலு ஊருக்குப் போவட்டுமே. உன் பொண்ணுக்கும் புரியும்ல? நீதான் புஸ்தகத் தமிழ் நல்லா பேசுவியே, சொல்லிக்குடுக்கா.”

எனக்குச் சட்டென்று எங்கள் நகரத்து வெளிநாட்டவர் அலுவலகம் நினைவுக்கு வந்தது. விசா நீட்டிப்புக்குப் போகும்போதெல்லாம் இப்போது மேஜையில் ஒரு பலகைக் கணினியை நம் பக்கம் திருப்பி வைக்கிறார்கள். உங்கள் மொழியில் பேசுங்கள், அது மாற்றிச் சொல்லிவிடும் என்கிறார்கள். போன முறை, எனக்கு ஜெர்மன் தெரியும் என்றாலும், அங்கிருந்த அதிகாரி அம்மாள் அவ்வளவு ஆசையாகத் ‘தமிழ்’ என்பதைத் தேடி அழுத்தியதால் மறுக்க மனசில்லை. அதனிடம் நான் ரேடியோவில் செய்தி வாசிப்பதுபோல் பேசினேன். ஒவ்வொரு சொல்லையும் இஸ்திரி போட்டு எடுத்து வைத்தேன். எல்லாம் சரியாகப் போனது. கடைசியில், இனியாவின் அப்பா ஏன் வரவில்லை என்று அவர் கேட்டபோது, கவனமாக, “என் வீட்டுக்காரருக்கு இன்று வேலை இருக்கிறது” என்றேன்.

பலகை அதை மாற்றிச் சொன்னது. அந்த அம்மாள் குழம்பிப்போனார். “உங்களுக்கு வீட்டை வாடகைக்கு விட்டவர் எதற்காக இங்கே வர வேண்டும்?” என்றார்.

ஆக, வூட்டுக்காரர் என்றால் மந்திரவாதி, வீட்டுக்காரர் என்றால் வாடகை வாங்குகிறவர். கட்டிய கணவரை அந்த இயந்திரத்துக்குள் எப்படி நுழைப்பது என்று தெரியாமல் வெளியே வந்து, பனி பெய்யும் படிக்கட்டில் நின்று சிரித்தேன். கூடவே ஒரு வருத்தமும் இருந்தது. அதனிடம் நான் பேசியது என் தமிழே இல்லை. அதற்குப் புரிய வேண்டும் என்பதற்காக நானாக உண்டாக்கிய ஒரு தமிழ்.

இதையெல்லாம் கோமதியிடம் சொல்லவில்லை. ‘கணவர்’ என்று சொல், அது சரியாக வரும் என்று மட்டும் சொன்னேன்.

5

கோமதி சொன்னபடியே மாறினாள். அவள் எப்போதுமே கெட்டிக்காரி.

“அன்பு நண்பர்களே, வணக்கம். இன்று நாம் காணப்போகும் திரைப்படத்தின் கதை...” டிராமில் கேட்டபோது வேறு யாருடைய சேனலையோ திறந்துவிட்டோம் என்று நினைத்துவிட்டேன். முகம் அவளுடையது, தக்காளி அவளுடையது, பின்னால் அதே வத்தல்மலை. பேச்சு மட்டும் கல்யாணப் பத்திரிகையிலிருந்து வந்தது. கண்ணு போய்விட்டது. குந்து போய்விட்டது. வூடு வீடாகி, வூட்டுக்காரர் கணவர் ஆகிவிட்டார். கதையில் அவள் சேர்க்கும் தங்கச்சிகளும் வரவில்லை. சுத்தமான தமிழில் பொய் சொல்ல அவளுக்குக் கூச்சமாக இருந்திருக்க வேண்டும்.

மாதம்மா அக்காவிடம் விசாரித்தேன். “கதயா அது? ஸ்கூல்ல பாடம் நடத்தறாப்பல இருக்குதுங்க. நாங்க பாட்டுக்குக் களைய எடுத்துக்கிட்டுப் போறோம்” என்றார்.

கோமதியிடமும் கேட்டேன். அவள் சொன்னாள்:

“வீடுன்னு சொன்னா பல்லு தெரியுதுக்கா. வூடுன்னா ஒதடு குவியும். நான் வீடுன்னு சொல்லும்போதெல்லாம் யாரையோ பாத்து இளிக்கற மாதிரியே இருக்குது.”

ஆனால் ஜெர்மன் மட்டும் பிரமாதமாக வந்தது. ஒரு பிழை கிடையாது. வீடு வீடாகவே இருந்தது, கணவர் கணவராகவே இருந்தார். அண்ணன் தம்பிச் சண்டை ஒரு நீதிமன்றத் தீர்ப்பைப்போல் தெளிவாக இருந்தது. இனிமேல் இனியாவுக்கு எல்லாமே புரியும் என்று சந்தோஷப்பட்டு, “சித்தியின் புது வீடியோ பார்த்தாயா?” என்று கேட்டேன்.

“இப்போது பார்ப்பதில்லை” என்றாள்.

“ஏன்? இப்போதுதானே சரியாக வருகிறது?”

அவள் யோசித்தாள். அவளுக்கே அது அதுவரை சொல்லாகச் சேர்ந்திருக்கவில்லை என்று தோன்றியது. பிறகு மெதுவாக, தன் வாயையே தொட்டுக்காட்டிச் சொன்னாள்.

“முன்பெல்லாம் சித்தியின் வாய் ஒன்று சொல்லும், குரல் வேறொன்று சொல்லும். ஆனால் வூடூ என்று வரும்போது மட்டும் வாயும் குரலும் சேர்ந்துவிடும். அந்த ஒரு இடத்தில் அவளே என்னிடம் பேசுகிற மாதிரி இருக்கும். அது எப்போது வரும் என்று காத்திருந்து பார்ப்பேன். இப்போது ஒரு இடத்திலும் சேர்வதில்லை, அம்மா. யாரோ பேசுகிறார்கள்.”

உலகத்திலேயே தப்பான மொழிபெயர்ப்பு என்று நான் சிரித்த சொல்லை, என் மகள் கதவிடுக்கில் கண் வைத்துப் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள். அதற்குள்ளே நிஜமான கோமதி தெரிந்திருக்கிறாள். சுத்தம் செய்கிறோம் என்று அந்த இடுக்கையும் பூசி அடைத்துவிட்டோம்.

6

அடுத்த ஞாயிற்றுக்கிழமை கோமதி வீடியோவில் கூப்பிட்டாள். எங்களுக்குக் காலை. அவள் கொல்லையில் இருந்தாள். மாதம்மா அக்காவும் இன்னும் சிலரும் தக்காளி பிரித்துக்கொண்டிருந்தார்கள். எங்கள் ஜன்னலில் பனி, அவள் திரையில் மலை மேகம். சமையலறை மேஜையில் போனைச் சாய்த்து வைத்தபோது, எது எந்தப் பக்கத்து வெள்ளை என்று ஒரு கணம் பிரித்துப் பார்க்க முடியவில்லை.

இனியாவை இழுத்து உட்காரவைத்தேன். நேர் அழைப்பில் அந்த இயந்திரக் குரல் கிடையாது. கோமதி அவளைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்து, முந்தானையைச் சரிசெய்துகொண்டு ஆரம்பித்தாள்.

“இனியா, நலமாக இருக்கிறாயா? எங்கள் வீட்டிற்கு எப்போது வரப்போகிறாய்?”

இனியா என்னைப் பார்த்தாள். அவளுக்குப் புரியவில்லை. கோமதி இன்னும் தெளிவாக, இன்னும் நிறுத்தி நிறுத்தி அதையே சொன்னாள். பல் தெரிந்தது. இனியா மெல்ல நாற்காலியிலிருந்து எழப் பார்த்தாள். இத்தோடு போயிற்று என்று நினைத்தேன். நானே ஏதாவது சொல்லிச் சமாளிக்கலாம் என்று வாயைத் திறந்தேன்.

அதற்குள் இனியா திரும்பி உட்கார்ந்தாள். போனுக்கு வெகு அருகில் குனிந்து, உதட்டைக் குவித்து, விளக்கை ஊதி அணைப்பதுபோல் சொன்னாள்.

“சித்தி... வூடு.”

கோமதி திகைத்தாள். “என்ன கண்ணு?”

“வூடு சொல்லு.”

“வூடா? வூடுதான் கண்ணு. எங்க வூடு. நம்ம வூடு!” கோமதிக்கு மடை திறந்துவிட்டது. “எப்ப வருவ நம்ம வூட்டுக்கு? இந்தா பாரு, உங்க அம்மா சொல்லி நான் படிச்சவளாட்டம் பேசி, என் வாயே கோணிப் போச்சு. நீ வா. வந்து இங்க குந்து. உனக்குன்னு ஒரு கத வெச்சிருக்கறேன்.”

இதில் எவ்வளவு அவளுக்குப் புரிந்ததோ தெரியாது. எழுந்து போகவில்லை. சிரித்துக்கொண்டே தலையாட்டினாள். பிறகு, தான் கேட்க நினைத்ததைத் தமிழில் கோர்க்கப் பெரும்பாடுபட்டு, அந்தக் கொல்லை முழுக்கக் கேட்கும்படி கேட்டாள்.

“வூட்டுக்காரர்... எங்க?”

அங்கே தக்காளிக் கூடைகள் உருண்டிருக்க வேண்டும், அப்படி ஒரு சிரிப்பு. மாதம்மா அக்கா மண்ணில் கையை ஊன்றிக்கொண்டார். “ஏண்டி கோமதி, உன் வூட்டுக்காரரக் கேக்குதுடி சீமையில இருந்து ஒரு புள்ள!” வண்டியருகே நின்றிருந்த கோமதியின் கணவரை யாரோ பிடித்துத் தள்ளி வந்து போன் முன்னால் நிறுத்தினார்கள். தலைத்துண்டை அவிழ்த்துக் கையில் சுருட்டிக்கொண்டு நின்றார். மந்திரவாதி கூச்சத்தில் சிவந்துபோயிருந்தார்.

“நல்லாக்கீறியா பாப்பா?” என்றார். அவ்வளவுதான். அவரைப் பொறுத்தவரை அது ஒரு சொற்பொழிவு.

அந்த வாரமே கோமதி கம்பெனிக்காரர்களிடம், எனக்குச் சரிப்படாதுங்க, நீங்க வேற ஆளப் பாருங்க என்று சொல்லிவிட்டாள். இதில் அவளுக்கு வருத்தமே இல்லை என்று எழுதமாட்டேன். நாலு ஊருக்குப் போயிருக்க வேண்டிய கதை. போனில் சொல்லும்போது குரல் கொஞ்சம் இறங்கித்தான் இருந்தது. ஆனால் புது வீடியோவில், “வா கண்ணு, குந்து, கத கேளு” என்று அவள் ஆரம்பித்தபோது, பக்கத்தில் மாதம்மா அக்கா, “அப்பிடிச் சொல்லு” என்றது பதிவாகியிருந்தது. இந்தத் தடவை கதையில் இரண்டு தங்கச்சிகள்.

அதை நான் டிராமில் பார்க்கவில்லை. வீட்டுக்குள் நுழையும்போதே இனியாவின் அறையிலிருந்து கேட்டது. கதவருகில் நின்றுவிட்டேன். ஜெர்மன் குரல் இல்லை. அவளாகவே அதை அணைத்திருந்தாள். கோமதி மட்டும் பேசிக்கொண்டிருந்தாள், முழுக்க முழுக்கத் தன் வாயால். பாதிக்கு மேல் புரியாமல், இனியா அவள் உதட்டையே பார்த்துக்கொண்டு, வூடு வந்த இடத்தில் தானும் உதட்டைக் குவித்தாள்.

என் நிழல் பட்டதும் வீடியோவை நிறுத்திவிட்டுத் திரும்பினாள்.

“அம்மா, கண்ணு என்றால் விழிதானே? அவளுக்கு என்ன, ஒரு கண்ணிடமா கதை சொல்கிறாள்? அது யார்?”

“நீதான்” என்றேன்.